இஞ்ச் டேப் தொடாத தாய்மாமன்

ஓர் ஆளைப் பார்த்த மாத்திரத்தில் அவன் எப்படிப்பட்டவன் என்று சொல்லிவிட முடியும் என்று மார்தட்டுகிறவனை நம்பி எந்தக் காரியத்தையும் ஒப்படைக்காதீர்கள். அனுபவத்தில் சொல்கிறேன். மார்தட்டியவன் நான்தான்.

கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் எனக்கு ஓர் ஆண்கள் ரெடிமேட் கடை. வருகிறவர் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே சட்டை அளவு சொல்லிவிடுவேன். "நாப்பது." "முப்பத்தெட்டு, ஆனா தொப்பை இருக்கு, நாப்பதே எடுத்துக்குங்க." என் கடையில் இஞ்ச் டேப் என்ற பொருளே கிடையாது. சமையல் மாஸ்டர் வாழைக்காயைக் கையில் தூக்கி 'இது என்னா காய்?' என்று கேட்டால் எவ்வளவு கேவலமோ, நான் டேப்பை எடுத்தால் அவ்வளவு கேவலம். (வாங்கிய சட்டையை மறுநாள் கொண்டுவந்து மாற்றிக்கொண்டு போனவர்களைப் பற்றி பில் போடும் என் மனைவி வசந்தியிடம் கேட்காதீர்கள். அவளுக்குப் பேச நேரமில்லை.)

பக்கத்துக் கடை சேகருடையது. பேக், சூட்கேஸ், பள்ளிக்கூடப் பை. கடை திறந்த நாளிலிருந்து அவன்தான் எனக்கு எல்லாம். மத்தியானச் சாப்பாடு ஒன்றாகத்தான். அவனுக்குக் கல்யாணம் ஆகவில்லை. "ஜாதகத்துல தோஷம்" என்பான். தோஷத்தை நான் விடுவேனா? யார் வீட்டில் பெண் இருக்கிறது என்று கேள்விப்பட்டாலும் போட்டோ வாங்கிவந்து அவன் மூக்குக்கு நேரே நீட்டுவேன். "பாக்கலாம்" என்பான். பாக்கலாம் பாக்கலாம் என்று சொல்லியே அவனுக்குத் தலை நரைத்துவிட்டது.

தீபாவளிக்கு மட்டும் என்னிடம் இரண்டு சட்டை எடுப்பான். ஒன்று அவனுக்கு, நாற்பது. இன்னொன்று, "பாண்டிச்சேரில ஒரு சொந்தக்காரருக்குடா. என்னைய விடக் கொஞ்சம் சதை."

"அப்ப நாப்பத்திரண்டு. கண்ண மூடிக்கிட்டு எடுத்துட்டுப் போ."

வருஷா வருஷம் அதே கலரில் ஒரு நாற்பது, ஒரு நாற்பத்திரண்டு. நானே மடித்து, நானே பையில் போட்டுக் கொடுத்திருக்கிறேன். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். நான்தான் வைத்துக்கொள்ளவில்லை.

சில வருஷங்களுக்கு முன்னால் மஞ்சக்குப்பத்திலிருந்து மல்லிகா அக்கா போன் செய்தாள். அவள் மகள் நிவேதாவுக்குச் சிதம்பரத்திலிருந்து ஒரு வரன். பையன் பெயர் அரவிந்தன். பிசியோதெரபி படித்துவிட்டு, தெற்கு வீதிப் பக்கம் சொந்தமாக கிளினிக் வைத்திருக்கிறான். ஜாதகம் பொருந்திவிட்டது. ஞாயிற்றுக்கிழமை பெண் பார்க்க வருகிறார்கள். அதற்குள் பையனைப் பற்றி விசாரித்தாக வேண்டும். எங்கள் பக்கத்தில் அது தாய்மாமன் வேலை. மாப்பிள்ளை வீட்டுக்குத் தெரியாமல் அந்த ஊருக்குப் போய், டீக்கடையிலும் சலூனிலும் நைசாகப் பேச்சுக்கொடுத்து, குடிப்பானா, சீட்டாடுவானா, வேறு பொண்ணு தொடர்பு உண்டா என்று மூன்றையும் தெரிந்துகொண்டு வரவேண்டும். தாய்மாமன் 'சரி' என்றால் தட்டு மாற்றலாம். 'வேணாம்' என்றால் ஏன் என்றுகூடக் கேட்க மாட்டார்கள்.

விவரம் கேட்க அக்கா வீட்டுக்குப் போனேன். அவள் என்னைச் சமையலறைக்குள் இழுத்துப்போய், மிக்ஸியை வெறுமனே ஓடவிட்டாள். அந்தச் சத்தத்துக்குள் என் காதில் வந்து கத்தினாள்:

"நாலாவதா ஒண்ணு இருக்குடா. எங்க ஆபீஸ்ல ஒரு அம்மா பொண்ணுக்குக் கல்யாணம் ஆயி நாலு மாசத்துல திரும்பி வந்துடுச்சு. பையன் நல்லவன்தான். ஆனா அவனுக்குப் பொண்ணுங்க மேலயே இஷ்டம் இல்லியாம். ஆம்பளைங்களத்தான் புடிக்குமாம். வீட்ல பயந்துக்கிட்டு சொல்லாம தாலி கட்டிட்டான். ரெண்டு பேரு வாழ்க்கையும் போச்சு. இப்பல்லாம் அதையும் விசாரிக்கணும்டா."

"அத எப்படிக்கா டீக்கடைல விசாரிக்கிறது?"

"அதான் உன்ன அனுப்புறேன்."

இந்த இடத்தில் ஒரு புத்திசாலி என்ன சொல்லியிருப்பான்? 'பையனையே உட்காரவைத்து நேராகக் கேட்டுவிடலாம்' என்றிருப்பான். நான் மிக்ஸியை நிறுத்திவிட்டுச் சொன்னேன்: "கவலய வுடு. நான் பாத்தாலே சொல்லிடுவேன்."

*

சேகரின் ஸ்கூட்டரில் சிதம்பரத்துக்குக் கிளம்பினோம். மாறுவேடத்துக்காக அந்த வாரம் நான் தலைக்கு டை அடிக்கவில்லை. (அதைவிடப் பெரிய மாறுவேடம் எனக்கு வேறு இல்லை. என் சொந்த மாமியாரே என்னைப் பார்த்து 'யார் வேணும்?' என்றார்.)

அளவு என்றால் தோளைப் பார்ப்பேன், கழுத்தைப் பார்ப்பேன். இதற்கு எதைப் பார்ப்பது? வழியெல்லாம் அதே யோசனை. சேகரிடம் கேட்கலாமென்றால் இரண்டு பேர் தலையிலும் ஹெல்மெட். காற்று வேறு. தொண்டை கிழியக் கத்தவேண்டியிருந்தது.

"சேகரு! ஒரு ஆம்பளைக்கு ஆம்பளையத்தான் புடிக்கும்னா, அத எப்படிடா கண்டுபிடிக்கிறது?"

கேட்ட நேரம்தான் சரியில்லை. ரயில்வே கேட் போட்டிருந்தது. சேகர் எப்போதோ இன்ஜினை அணைத்திருந்தான். எங்களுக்குப் பின்னால் நின்ற டவுன் பஸ்ஸும் அணைத்திருந்தது. என் கேள்வி மட்டும் தண்டவாளத்துக்கு மேலே கொடி மாதிரி பறந்தது. பஸ் ஜன்னல்கள் ஒவ்வொன்றாகத் திறந்தன. மீன் கூடையுடன் நின்றிருந்த ஓர் அம்மா என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "மொதல்ல கேட்டு தொறக்கட்டும் தம்பி, அப்புறம் கண்டுபுடிப்ப" என்றார்.

சேகர் திரும்பாமலே சொன்னான்: "நீதான் பாத்தாலே சொல்லிடுவியே."

கிளினிக்குக்கு எதிரே டீக்கடை. மசால் வடையைக் கடித்துக்கொண்டு ஆரம்பித்தேன்.

"எதுத்தாப்புல இருக்காரே டாக்டரு, ஆளு எப்படிங்க?"

மாஸ்டருக்கு இந்த ஊரில் எத்தனை மாப்பிள்ளைகளைப் பற்றி எத்தனை தாய்மாமன்கள் கேட்டிருப்பார்களோ, என்னைப் பார்த்ததும் புரிந்துகொண்டார்.

"பொண்ணு வீடா? தங்கமான பையன் சார். சிகரெட்டு, பீடி கெடையாது. பொண்ணுங்க பஸ் ஸ்டாப்பு இங்கதான் இருக்கு. ஒரு நாளு நிமிந்து பாத்ததில்ல. குனிஞ்ச தல குனிஞ்சபடி வந்து டீ குடிச்சிட்டுப் போவாரு."

எங்கள் அப்பா காலத்தில் இந்த ஒரு வாக்கியம் கிடைத்துவிட்டால் தாய்மாமன் அந்த இடத்திலேயே வெற்றிலை பாக்கு வாங்கிவிடுவார். பெண்களை நிமிர்ந்து பார்க்காதவன் என்பது முதல் மார்க். எனக்கு மசால் வடை தொண்டையில் நின்றது.

"நிமிந்தே பாக்கமாட்டானா? ஒரு தடவகூடவா?"

"சத்தியமா இல்ல சார்."

சேகரின் தொடையைக் கிள்ளினேன். அதற்குள் பையனே கிளினிக் வாசலுக்கு வந்தான். முப்பத்தெட்டு சைஸ். லாவெண்டர் கலர் சட்டை, கத்தி மாதிரி இஸ்திரி. ஒரு பூவாளியை எடுத்து வாசலில் இருந்த செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றினான். ஒரு காய்ந்த இலையைக் கிள்ளி எடுத்து, அந்தச் செடியைத் தடவிக்கொடுத்தான்.

"பாத்தியா?"

"என்னாத்த?"

"செடிய தடவுறான்டா!"

"நீ உன் மொட்ட மாடி ரோஜாகிட்ட பேசுவியே."

"அது வேற."

"லாவெண்டர் சட்ட நீயே விக்கிறியே."

"விக்கிறது வேற, போடுறது வேற."

சேகர் டீ கிளாஸைக் கழுவுகிற இடத்தில் வைத்துவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தான். அது என்ன பார்வை என்று எனக்கு அப்போது தெரியவில்லை. (பார்த்தாலே சொல்லிவிடுபவன் அல்லவா நான்.)

முடிவு செய்தேன். நோயாளியாக உள்ளே போய், நானே நேரில் அளவெடுத்துவிடுவது.

*

"சார் பேரு?"

"மனோகர்." (பாஸ்கர் என்று நிஜப் பெயரைச் சொன்னால் மாட்டிக்கொள்வேனாம்.)

"என்னா பண்ணுது?"

"முதுகு வலி. இங்க, இங்க, அப்புறம் இங்கயும்."

சட்டையைக் கழற்றச் சொல்லிக் குப்புறப் படுக்கவைத்தான். மேஜையில் முகத்தைப் பதிக்க ஓர் ஓட்டை. அதன் வழியாகத் தரையும் அவன் செருப்பும் மட்டும்தான் தெரிந்தன. செருப்பைப் பார்த்து ஆளைச் சொல்லும் பயிற்சி எனக்கில்லை. சேகர் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். நடுவில் ஒரு திரைச்சீலைதான்.

செருப்பைப் பார்த்தே பேச ஆரம்பித்தேன்.

"டாக்டர், ஒண்ணு கேட்டா தப்பா நெனச்சுக்க மாட்டீங்களே?"

"கேளுங்க சார்."

"இந்த... ஆம்பளைக்கு ஆம்பளைய புடிக்கிறது... அதப் பத்தி நீங்க என்னா நெனைக்கிறீங்க?"

முதுகின் மேல் இருந்த கைகள் நின்றன. பிறகு வந்த குரல் வேறு குரல். பூனைக்குட்டியை மரத்திலிருந்து இறக்கும்போது பேசுவோமே, அந்தக் குரல்.

"எதுக்கு சார் கேக்குறீங்க?"

"எனக்குன்னு இல்ல. தெரிஞ்சவரு ஒருத்தருக்கு."

(உலகத்தில் எந்த டாக்டரிடமும் எவனும் இந்த வரியைச் சொல்லிவிட்டுத் தப்பியதில்லை.)

"அந்தத் தெரிஞ்சவருகிட்ட சொல்லுங்க சார். அது வியாதி இல்ல, தப்பும் இல்ல. பொறப்புலயே வர்றது. பயப்பட வேணாம். நெறைய பேரு வயசானப்புறம்தான் வாய தொறந்தே பேசுறாங்க. அவரு தனியா இல்லேன்னு சொல்லுங்க."

எவ்வளவு விவரமாகப் பேசுகிறான் என்று நான் மனதுக்குள் புள்ளி போட்டுக்கொண்டிருந்தேன்.

"வெளில உக்காந்திருக்காரே, அவரு யாரு சார்?"

"சேகரு. ஃப்ரெண்டு."

"ரொம்ப வருஷமாவா?"

"கடை ஆரம்பிச்ச நாள்லேர்ந்து. அவன் இல்லேன்னா எனக்கு ஒரு வேலயும் ஓடாது டாக்டர். மத்தியானம் சாப்பாடே எறங்காது."

"அவருக்குக் கல்யாணம்?"

"பண்ணிக்கல."

செருப்பு இரண்டடி பின்னால் போய், திரும்பி வந்தது.

"உங்களுக்காகவா சார்?"

எனக்கு எதுவும் உடனே புரியாது. பஸ் கிளம்பிய பிறகு ஓடுகிற ஜாதி. 'உங்களுக்காகவா' என்ற கேள்வி அந்த ஓட்டை வழியாகத் தரையில் விழுந்து, உருண்டு, சுவரில் மோதித் திரும்பி வந்த பிறகுதான் அர்த்தம் ஆனது. நான் அவனை அளவெடுக்க வந்திருந்தேன். அவனோ என்னை அளவெடுத்து, வெட்டி, தைத்து, பட்டனும் வைத்துவிட்டான்.

"அய்யய்யோ!" என்று துள்ளி எழுந்தேன். முதுகில் 'களக்' என்று ஒரு சத்தம். அதுவரைக்கும் பொய்யாக இருந்த வலி அந்த நொடியில் உண்மையாகிவிட்டது. நிமிரவும் முடியவில்லை, குனியவும் முடியவில்லை. கேள்விக்குறி மாதிரி நின்றேன்.

அவன் பதறிப்போய், ஒத்தடம் கொடுத்து, இடுப்புக்கு ஒரு பெல்ட் கட்டி, கைத்தாங்கலாக வெளியே கூட்டிவந்தான். சேகரின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு சொன்னான்: "சார பத்திரமா பாத்துக்குங்க சார்."

"இத்தன வருஷமா நான்தான பாத்துக்குறேன்" என்றான் சேகர்.

பையனுக்குக் கண் கலங்கிவிட்டது.

*

திரும்பும் வழியில் புதுச்சத்திரம் தாண்டி இளநீர்க் கடையில் வண்டியை நிறுத்தினான். நான் இறங்காமல், வண்டியில் கேள்விக்குறியாகவே உட்கார்ந்து இளநீர் குடித்தேன்.

"முடிவு பண்ணிட்டேன். அக்காகிட்ட வேணாம்னு சொல்லிடுறேன்."

"ஏன்?"

"அவன் பேசுனத கேட்டியா? அவ்ளோ பரிவா ஒருத்தன் பேசுறான்னா, அவனும் அதான்."

"பரிவா பேசுனா அதா? அப்ப ரேஷன் கடைல ஒரு நாளு உனக்கு நல்ல அரிசியா பாத்துப் போட்டாரே, அவரு?"

"வெளயாடாத. அக்காகிட்ட சொல்லத்தான் போறேன். பையன் அந்த மாதிரின்னு."

சேகர் இளநீரைக் கீழே வைத்தான்.

"பாஸ்கரு, அது பொய்யா இருந்தா அந்தப் பையன் பேரு ஊர் பூரா நாறிடும். நெசமா இருந்தா அது அதவிட மோசம். அவனே சொல்லாதத ஊருக்குச் சொல்ல நீ யாருடா?"

அவன் அப்படிக் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை.

"நீ ஏண்டா இவ்ளோ சூடாவுற?"

"ஞாயித்துக்கெழம வர்றான்ல, அவன்கிட்டயே நேரா கேளு. அதுவரைக்கும் வாயத் தொறந்தேன்னா பாத்துக்க."

அதற்குப் பிறகு கடலூர் வரைக்கும் அவன் ஒரு வார்த்தை பேசவில்லை. நான் பேசினேன், மேடு பள்ளம் வரும்போதெல்லாம், "அம்மா" என்று.

*

ஞாயிற்றுக்கிழமை. டை அடித்து, புதுச் சட்டை போட்டு, உள்ளே பெல்ட் கட்டி, அக்கா வீட்டுக் கூடத்தில் நின்றேன். சேகர் பஜ்ஜித் தட்டு தூக்க வந்திருந்தான். தலை கருப்பாக இருக்கிறது, மாப்பிள்ளைக்கு அடையாளம் தெரியாது என்பது என் கணக்கு. ஆனால் தான் கட்டிய பெல்ட்டோடு கோணலாக நடக்கும் நோயாளியை எந்த டாக்டருக்குத் தெரியாமல் போகும்?

"மனோகர் சார்?"

"மனோகரா?" என்றாள் அக்கா. "இது என் தம்பிங்க, பாஸ்கரு. பொண்ணுக்குத் தாய்மாமன். இவ அவன் சம்சாரம், வசந்தி."

அரவிந்தன் கும்பிட எடுத்த கையைப் பாதியில் நிறுத்தினான். வசந்தியைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். பின்னால் பஜ்ஜித் தட்டோடு நின்ற சேகரைப் பார்த்தான். மறுபடி வசந்தியைப் பார்த்தான். அவள் நீட்டிய கேசரியை அவன் வாங்கிக்கொண்ட விதம், துக்க வீட்டில் கை கொடுப்பதுபோல இருந்தது.

"உனக்கு முன்னாடியே தெரியுமாடா?" என்றார் அவன் அப்பா.

"இல்லப்பா... வேற யாரோன்னு நெனச்சேன்." தொழில் தர்மம். மாணிக்கமான பையன்.

நிவேதா வந்து காபி கொடுத்தாள். அக்கா சம்பிரதாயப்படி, "பொண்ணும் புள்ளயும் ரெண்டு வார்த்த பேசிக்கட்டுமே" என்றாள்.

அரவிந்தன் எழுந்தான். "அதுக்கு முன்னாடி மாமாகிட்ட ரெண்டு நிமிஷம் தனியா பேசணும்."

கூடத்தில் யாரும் பஜ்ஜி மெல்லவில்லை. பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை, பெண்ணை விட்டுவிட்டுத் தாய்மாமனைக் கூட்டிக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனது மஞ்சக்குப்பம் சரித்திரத்தில் அதுதான் முதல் தடவையாக இருக்கும்.

மாடியில் அக்கா வடகம் பிழிந்து துணியில் காயவைத்திருந்தாள். அதற்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் மாப்பிள்ளை.

"சார், நீங்க சொன்னத நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன்."

"நான்தான் ஒண்ணுமே சொல்லலியே!"

"அதான் சார் பிரச்சினையே. ஆன்ட்டிக்குத் தெரியுமா?"

"ஆன்ட்டிக்கு என்னா தெரியணும்?"

"நீங்களும் சேகர் சாரும்..."

நான் போட்ட கூச்சலில் பக்கத்து மாடிக் காக்கா பறந்தது.

"கோவப்படாதீங்க சார். உங்க மேல எனக்கு மரியாதைதான். ஆனா அவுங்க பாவம் சார். தெரிஞ்சும் தெரியாத மாதிரி அவுங்க கையால சாப்பிட்டுக்கிட்டு இந்த வீட்டுக்கு நான் வந்து போக முடியாது. நீங்களே அவுங்ககிட்ட சொல்லிடுங்க. இல்லேன்னா இந்தச் சம்பந்தம்..." அவனால் முடிக்க முடியவில்லை.

வேண்டாம் என்று நான் சொல்லப்போன சம்பந்தத்தை, இப்போது என்னாலேயே மாப்பிள்ளை வேண்டாம் என்கிறான்! கீழே நிவேதா பட்டுப் புடவையில் உட்கார்ந்திருக்கிறாள்.

"தம்பி! நீங்க அந்த மாதிரியான்னு பாக்கத்தான் நான் வந்தேன்!"

"நானா?"

"தாய்மாமன்யா நான்! விசாரிக்க வந்தேன்!"

"அப்ப முதுகு வலி?"

"பொய்யி!"

"பெல்ட்டு?"

"வலி அப்புறம் நெசமாயிடுச்சு!"

"என்னைய ஏன் சார் அப்படி நெனச்சீங்க?"

சொல்ல ஆரம்பித்தேன். லாவெண்டர் சட்டை. செடி. காய்ந்த இலை. பஸ் ஸ்டாப்பை நிமிர்ந்து பாராதது. நல்ல வெயிலில், அந்தப் பையன் முகத்துக்கு நேரே ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, துவைத்த மட்டமான சட்டை மாதிரி என் சாட்சியெல்லாம் சுருங்கிக்கொண்டே வந்தது. கடைசியில் ஒரு காலர் மட்டும்தான் மிச்சம்.

அவன் முழுவதையும் கேட்டு முடித்தான். பிறகு, "அப்ப சேகர் சார்?" என்றான்.

"அவனுக்கு என்னா? அவன் பாட்டுக்கு..."

"பஜ்ஜி ஆறிடும்" என்ற குரல் படிக்கட்டிலிருந்து வந்தது. சேகர் தட்டோடு நின்றிருந்தான். எவ்வளவு நேரமாக நின்றானோ. தட்டைக் கைப்பிடிச் சுவரில் வைத்தான்.

"தம்பி, நீங்க சொன்னதுல பாதி கரெக்டு."

"எந்தப் பாதி சார்?"

"என் பாதி."

காக்கா திரும்பி வந்து உட்கார்ந்தது.

"அன்னைக்கு இவன்கிட்ட நீங்க சொன்னதெல்லாம் வெளில எனக்குக் கேட்டுச்சு. வியாதி இல்ல, பயப்பட வேணாம், அவரு தனியா இல்லேன்னீங்க. வேத்து ஆளு ஒருத்தரு வாயால அத நான் கேட்டதே இல்ல. இவன் அதக் காதுலயே வாங்கல. நான் வாங்கிக்கிட்டேன்." பிறகு என்னைக் காட்டி, "இவன் மேல சந்தேகமே வேணாம் தம்பி. இவன மாதிரி பொண்டாட்டிக்குப் பயந்தவன் இந்த ஜில்லாவுலயே கெடையாது" என்றான்.

அப்படியே உட்கார்ந்தேன். வடகத்தின் மேல்.

இத்தனை வருஷ நண்பன் இப்படி ஒரு விஷயத்தைச் சொன்னால் மனிதன் கட்டிப்பிடிப்பான், கண்ணீர் விடுவான். என் வாயிலிருந்து வந்தது இதுதான்: "அப்ப... அந்த நாப்பத்திரண்டு?"

"பேரு பெர்னார்டு" என்றான் சேகர். அந்தப் பெயரைச் சொன்னபோது அவன் முகம் போன போக்கை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

அப்போது நிவேதா புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு இரண்டிரண்டு படியாக ஏறி வந்தாள். "என்னா நடக்குது இங்க? மாமா, நீ ஏன் வடகத்து மேல உக்காந்திருக்க?"

"நிவி, நான் சொல்றேன், நீ கீழ போ" என்றான் அரவிந்தன்.

'நிவி'! அப்போதும் எனக்கு விளங்கவில்லை. "அதுக்குள்ள பேரு சுருங்கிடுச்சா?" என்று கேட்டேன்.

அவள் தலையில் அடித்துக்கொண்டாள். "மாமா, சிதம்பரத்துல படிக்கிறப்ப கழுத்து வலின்னு அவரு கிளினிக்குப் போனப்பலேர்ந்து தெரியும். வீட்ல ஒத்துக்கணுமேன்னு தரகரப் புடிச்சு, ஜாதகத்தக் கொடுத்து, யாரோ எவரோ மாதிரி வரவச்சேன். நீ எதாச்சும் சொல்லிக் கெடுத்துட்டியா?"

"பஸ் ஸ்டாப்புல பொண்ணுங்கள நிமிந்தே பாக்கமாட்டாராமே..."

"எப்படிப் பாப்பாரு? டீ குடிக்கிற நேரம் பூரா எனக்குல்ல மெசேஜ் போட்டுக்கிட்டு இருப்பாரு!"

ஆக, மாப்பிள்ளையைத் தப்பாகச் சொன்னேன். சேகரைச் சொல்லவே இல்லை. மடியில் போட்டு வளர்த்த அக்கா மகள் காதலிப்பதும் தெரியவில்லை. மூன்று சட்டையும் திரும்பி வந்துவிட்டது.

கீழே இறங்கினோம். அக்கா, மாமா, சம்பந்தி வீட்டார் எல்லார் கண்ணும் என் மேல். "என்னாடா சொல்ற?" என்றாள் அக்கா.

"தங்கமான பையன். தட்ட மாத்திக்கலாம்" என்றேன். கால்சட்டையின் பின்பக்கம் ஈர வடகம் ஒட்டியிருந்ததால் கடைசிவரை சுவரோடு சாய்ந்தே நின்றேன். அதை அவர்கள் மரியாதை என்று எடுத்துக்கொண்டார்கள்.

*

மறுநாள் கடையில் மத்தியானச் சாப்பாட்டைப் பிரிக்கும்போது சேகரிடம் கேட்டேன்: "ஏண்டா எங்கிட்ட சொல்லல?"

"நீதான் பாத்தாலே சொல்லிடுவேன்னியே. என்னைக்காவது சொல்லுவன்னு பாத்துக்கிட்டே இருந்தேன்."

நான் அவன் மூக்குக்கு நேரே நீட்டிய பெண் போட்டோ ஒவ்வொன்றும் வந்து என் கன்னத்தில் அறைந்துவிட்டுப் போனது. என் பொரியலை எடுத்து அவன் தட்டில் வைத்தேன். "உருளக்கெழங்கு வறுவல மட்டும் ஏன் நீயே வச்சிக்கிட்ட?" என்றான். அதையும் வைத்தேன்.

அவனிடம் கேட்டுக்கொண்டு வசந்தியிடம் விஷயத்தைச் சொன்னேன். மெதுவாக, அதிர்ச்சி ஆகாதபடி, தண்ணீர்ச் செம்பெல்லாம் பக்கத்தில் வைத்துக்கொண்டு சொன்னேன். அவள் பருப்பில் கல் பொறுக்குவதை நிறுத்தவில்லை.

"எனக்கு எப்பவோ தெரியும்."

"எப்படி?"

"பில்லு யாரு போடுறா? தீபாவளிக்குத் தீபாவளி ஒரே கலர்ல நாப்பது, நாப்பத்திரண்டு. உங்களுக்கும் எனக்கும் அப்படி ஒரு தடவையாவது ஜோடியா எடுத்திருப்பீங்களா?"

"எங்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"அவரு சொல்லாதத நான் எப்படிச் சொல்றது?"

இளநீர்க் கடையில் கேட்ட அதே கேள்வி. எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது, எனக்குத் தவிர.

கல்யாணம் சிதம்பரத்தில் நடந்தது. தாய்மாமனுக்கு மாப்பிள்ளை வீட்டார் மரியாதையாக வேட்டி சட்டை வைத்த தட்டில், வெற்றிலைக்கு மேலே ஒரு மஞ்சள் இஞ்ச் டேப் சுருட்டி வைத்திருந்தது. நிவேதா வேலை. பந்தியில் அரவிந்தன் என் இலைக்குப் பக்கத்தில் குனிந்து, "மனோகர் சார், முதுகு எப்படி இருக்கு? மனசு வுட்டுப் பேசணும்னா சொல்லுங்க" என்றான். இப்போதும் வீட்டில் நான் யாரைப் பற்றியாவது, "அந்த ஆளு இருக்கானே..." என்று ஆரம்பித்தால், அக்கா எழுந்துபோய் மிக்ஸியைப் போட்டுவிடுகிறாள்.

இதை எழுதட்டுமா என்று சேகரிடம் கேட்டேன். "எழுது. பேர மட்டும் மாத்திடு" என்றான். மாற்றிவிட்டேன். என் பெயரை மாற்ற வேண்டாம் என்றான், அசிங்கப்பட்டவன் பெயர் சரியாக இருக்கவேண்டுமாம்.

போன தீபாவளிக்கு இரண்டு பேரும் சேர்ந்தே கடைக்கு வந்தார்கள். பெர்னார்டு அவர்களை நான் பார்ப்பது அதுதான் முதல் தடவை. கண்ணாடி, வெள்ளை மீசை, கொஞ்சம் வெட்கம். எனக்கு அவரிடம் என்ன பேசுவது என்று தெரியவில்லை. தெரிந்த ஒரே காரியத்தைச் செய்தேன். தோளைப் பார்த்தேன், கழுத்தைப் பார்த்தேன்.

"வாங்க சார். நாப்பத்திரண்டு. கரெக்டா?"

அவர் சேகரைப் பார்த்தார். சேகர் மேலே ஓடிய மின்விசிறியைப் பார்த்தான்.

"நாப்பத்தி நாலுங்க" என்றார் பெர்னார்டு. "எப்பவுமே நாப்பத்தி நாலுதான். இவரு ஆசையா வாங்கிட்டு வர்றாரேன்னு, மேல் பட்டனப் போடாம, மூச்சப் புடிச்சிக்கிட்டே போட்டுக்கிட்டு இருந்தேன்."

பில் போடும் இடத்திலிருந்து வசந்தி சிரித்த சிரிப்பு, பக்கத்துத் தெருவுக்குக் கேட்டிருக்கும்.

ஆணியில் மாட்டியிருந்த மஞ்சள் டேப்பை எடுத்து, "கொஞ்சம் கையத் தூக்குங்க சார்" என்றேன்.